சித்தப்பாவுக்குப் பின்னிருக்கை

சிங்கப்பூரின் கிழக்கு முனையிலிருந்து மேற்கு முனைக்கு ஏறத்தாழ 50 கிலோமீட்டர்தான். 18 வயதில் ஓட்டுநர் உரிமம் பெறும் நம் பிள்ளைகள், கார் வைத்திருக்க ஏலத்தில் எடுக்க வேண்டிய வாகன உரிமைச் சான்றிதழ் விற்கும் விலையில் சொந்தக் கார் வாங்குவதை நினைத்தும் பார்க்க முடியாமல், வார இறுதியில் அப்பாவின் காரைக் கேட்டு வாங்கி ஓட்டுகிறார்கள். எங்கே சுற்றினாலும் இரவுச் சாப்பாட்டுக்கு வீடு திரும்பிவிடலாம். நெடும்பயணம் வேண்டுமென்றால் மலேசியாவுக்குப் பாலத்தைக் கடந்தாக வேண்டும்.

அண்ணன் மகளும் அவளுடைய பல்கலைக்கழக நண்பர்களும் மலேசியாவின் கேமரன் மலைக்குப் புறப்பட்டபோது, பெரியவர் ஒருவர் உடன் செல்ல வேண்டும் என்று அண்ணி விதித்த நிபந்தனையால் எனக்குப் பின்னிருக்கை வாய்த்தது. (கால் நீட்ட இடமில்லை என்பதையும் பதிவு செய்கிறேன்.) சிங்கப்பூர்க் கார் முக்கால் தொட்டி எரிபொருளுடன்தான் வெளியேற வேண்டும், மலேசியாவின் வாகன நுழைவு அனுமதி வேண்டும், அங்கே மானிய விலை ரான்95 பெட்ரோலைத் தொடக்கூடாது. இவற்றையெல்லாம் இதுவரை அப்பாக்கள் பார்த்துக்கொண்டார்கள். அப்போதெல்லாம் பிள்ளைகள் வழியிலுள்ள யோங் பெங் ஊர் வரை தூங்கினார்கள்.

வடக்கு தெற்கு நெடுஞ்சாலையின் இருபுறமும் செம்பனை. என் தாத்தா ரப்பர் மரத்தில் பால் வெட்டிய தோட்டம் இந்தப் பக்கம்தான் என்று சொல்ல வாயெடுத்தேன். முன்னால் டோல் கணக்கு ஓடிக்கொண்டிருந்தது.

ஏறத்தாழ 500 கிலோமீட்டர் கடந்து மலையடிவார ஊரான தாப்பாவை அடைந்தபோது பொழுது சாய்ந்து மழையும் பிடித்துக்கொண்டது. அங்கிருந்து மலைக்கு ஏறுவது வளைவுக்கு மேல் வளைவாகச் செல்லும் குறுகிய சாலை. கட்டாய ராணுவப் பணியான தேசிய சேவையில் லாரி ஓட்டியவன் ஒருவன், தானே ஓட்டி ஏற்றிவிடுவதாகப் பிடிவாதம் பிடித்தான். மலையில் முன்பதிவு செய்த அறையின் பணம் வீணாகும் என்றாள் இன்னொருத்தி. நான் வாயைத் திறக்கவில்லை. இரு பக்கமும் கேட்டு முடித்த அண்ணன் மகள் வீட்டுக்குத் தொலைபேசியில் அழைத்தாள். "அப்பா, மழை பெய்யுது. இன்னைக்குத் தாப்பாவுல தங்குறோம், காலையில ஏறுறோம்" என்றாள். தங்கலாமா என்று அவள் கேட்கவில்லை. எதிர்முனையில் அண்ணன் சற்றுத் தயங்கிவிட்டு, என்னிடம் கொடுக்கச் சொன்னதாகத் தெரிந்தது. "சித்தப்பா களைச்சிருக்காரு, அப்புறம் பேசுவாரு" என்று வைத்துவிட்டாள். எனக்குக் களைப்பே இல்லை.

முகத்தைத் தூக்கி வைத்திருந்த லாரிக்காரன்தான் பிறகு மழையில் இறங்கி, தெரிந்த அரைகுறை மலாயில் பேரம் பேசி, எல்லாருக்கும் அறை பிடித்தான். வீணான அறைப் பணத்தை ஆளுக்கு இவ்வளவு என்று பிரித்தபோது, என் பங்கை வாங்க மறுத்துவிட்டார்கள்.

அடுத்து பினாங்குக்குப் போவதாகப் பேச்சு. என்னை யாரும் அழைக்கவில்லை. அண்ணியும் நிபந்தனை எதுவும் விதித்ததாகத் தெரியவில்லை.