ஆப்பை டெலிட் செய்தும் நிற்காத பணம்: அம்மாவின் கணக்கில் ஆட்டோபேயை நிறுத்திய அனுபவம்

போனில் இருந்து ஆப்பை எடுத்துவிட்டால் சந்தாவும் நின்றுவிடும் என்று எங்கள் சொந்தக்காரர்களிலேயே பலர் நம்புகிறார்கள். நிற்காது. பணம் எடுத்துக்கொள்ளலாம் என்று நாம் கொடுத்த அனுமதி அந்த ஆப்பில் இல்லை. அது யுபிஐயில் இருக்கும், கூகுள் கணக்கில் இருக்கும், கார்டில் இருக்கும், நேரே வங்கியிலும் இருக்கும். பால்காரரிடம் ஒரு வார்த்தை சொல்லாமல் வாசலில் தொங்கும் பையை மட்டும் எடுத்து உள்ளே வைத்துக்கொண்டால் மாசக் கடைசியில் கணக்கு வராமலா போகும்? அப்படித்தான் இதுவும்.

அம்மா கடலூர் திருப்பாதிரிப்புலியூரில் இருக்கிறார். அப்பாவுக்குப் பிறகு வரும் குடும்ப ஓய்வூதியம்தான் அவருடைய வரும்படி. நான் புதுச்சேரி லாஸ்பேட்டையில் இருக்கிறேன். "பென்ஷன் ஏறின சூட்டோட பேங்க்ல என்னமோ புடிச்சிக்கிறாங்கடி, கேட்டா சர்வீஸ் சார்ஜ்னு சொல்றாங்க" என்று போனில் அடிக்கடி சொல்வார். 199, 149, 299 என்று சின்னச் சின்னத் தொகை. மாத்திரைக்கும் காய்கறிக்கும் கணக்குப் பார்த்துச் செலவு செய்கிற வீட்டில் இது சின்னத் தொகை இல்லை. விடுப்பு போட்டு பஸ் ஏறிப் போய், பாஸ்புக்கைக் கையில் எடுத்துக்கொண்டு உட்கார்ந்தேன்.

பாஸ்புக்கில் விவரம் பாதியிலேயே வெட்டுப்படுகிறது. அதனால் வங்கி ஆப்பில் ஆறு மாத ஸ்டேட்மென்ட்டைப் பிடிஎஃப்பாக எடுத்து, மெயின்ரோட்டு ஜெராக்ஸ் கடையில் பிரின்ட் போட்டு, வரிவரியாகப் பென்சிலால் கோடு போட்டோம். எவ்வளவு போயிற்று என்பதைவிட எந்த வழியாகப் போயிற்று என்பதுதான் பார்க்க வேண்டியது. யுபிஐ மேண்டேட் (மேண்டேட் என்றால் மாதாமாதம் பணம் எடுத்துக்கொள்ள நாம் கொடுத்த அனுமதி) என்று இருந்தால் ஒரு வழி, கூகுள் பிளே என்று இருந்தால் வேறு வழி, ஏசிஎச் அல்லது நாச் (வங்கிக் கணக்கில் இருந்து நேரே பணம் எடுக்கும் முறை) என்று இருந்தால் இன்னொரு வழி. பணம் எந்த வழியில் போகிறதோ அந்த வழியில் போய்த்தான் அடைக்க வேண்டும். அம்மாவின் கணக்கில் இந்த மூன்றும் இருந்தன. போதாததற்கு போன் பேலன்ஸிலும் ஒன்று போய்க்கொண்டிருந்தது.

முதலில் யுபிஐ. 199 ரூபாய் ஒரு பக்தி ஆப்புக்குப் போயிருந்தது. "ஒரு ரூபாதானேடி, சாமி பாட்டு கேக்கலாம்னு போட்டுச்சு, அதான் போட்டேன்" என்றார் அம்மா. அவரைக் குறை சொல்ல எனக்கு மனம் வரவில்லை. திரை முழுக்க முருகன் படம், நடுவில் பெரிதாக ஒரு ரூபாய், ஏழு நாள் இலவசம். அதற்குப் பிறகு மாதம் 199 என்பது அடியில் பொடி எழுத்தில், அதுவும் ஆங்கிலத்தில். அந்த ஒரு ரூபாய்க்கு பின் நம்பர் போடும்போதே மாதாமாதம் எடுத்துக்கொள்ள மேண்டேட்டும் பதிவாகிவிடுகிறது. யுபிஐ ஆட்டோபே வசதியை, யுபிஐயை நடத்தும் என்பிசிஐ 2020 ஜூலையில் கொண்டுவந்தது. பதிவு செய்யும்போது ஒரு முறை பின் நம்பர் போட்டால் போதும். அதன்பின் பெரும்பாலான சந்தாக்களுக்கு ஒவ்வொரு தவணையும் 15,000 ரூபாய் வரை பின் கேட்காமலே போகும். கரன்ட் பில் கட்ட அருமையான வசதிதான். ஆனால் ஒரு ரூபாய் ஆசை காட்டி உள்ளே இழுக்கிறவர்களுக்கும் அதே கதவு திறந்துவிடுகிறது.

அம்மா பணம் அனுப்பப் பயன்படுத்தும் யுபிஐ ஆப்பைத் திறந்து, மேலே உள்ள புரொஃபைல் படத்தைத் தொட்டு, ஆட்டோபே என்ற பகுதிக்குப் போனேன். போன்பே, கூகுள் பே, பேடிஎம் எல்லாவற்றிலும் புரொஃபைல் அல்லது செட்டிங்ஸ் பக்கத்தில் இந்தப் பகுதி இருக்கிறது. அந்த மேண்டேட்டைத் திறந்து பார்த்ததும் எனக்கு வயிறு எரிந்தது. மாதம் 199 என்று சொன்னவர்கள் அதிகபட்சத் தொகை என்ற இடத்தில் 999 என்று போட்டிருந்தார்கள். முடிவுத் தேதி இருபது வருடத்துக்கும் மேல் தள்ளி இருந்தது. கீழே பாஸ் (pause), கேன்சல் என்று இரண்டு பட்டன். பாஸ் என்பது தற்காலிக நிறுத்தம்தான், அனுமதி அப்படியே உயிரோடு இருக்கும். கேன்சலைத்தான் அழுத்த வேண்டும். அழுத்திய பிறகு பட்டியலில் அந்தப் பெயருக்கு எதிரே ரத்தானது என்று வருகிறதா என்று பார்த்து ஸ்கிரீன்ஷாட் எடுத்துக்கொண்டேன். அக்கா பையன் எப்போதோ இன்னொரு யுபிஐ ஆப்பும் போட்டுக் கொடுத்திருந்தான். அதையும் திறந்து பார்த்ததில் ஜோசிய ஆப் ஒன்று அங்கே ஒளிந்திருந்தது. போனில் எத்தனை யுபிஐ ஆப் இருக்கிறதோ அத்தனையையும் திறந்து பாருங்கள்.

முதலில் சேவையை ரத்து செய்துவிட்டு, பிறகு மேண்டேட்டை ரத்து செய்வதுதான் முறை என்று சொல்வார்கள். ஒழுங்கான நிறுவனம் என்றால் அது சரி. இந்த மாதிரி ஆப் விஷயத்தில் நான் மேண்டேட்டைத்தான் முதலில் வெட்டினேன், அதைத்தான் மற்றவர்களுக்கும் சொல்வேன். காரணம், அந்த பக்தி ஆப்புக்குள் ரத்து செய்யும் இடத்தைக் கண்டுபிடிக்கவே பாடாய்ப் பட்டேன். உதவி என்ற பக்கத்துக்குள் கேள்வி பதில், அதற்குள் கணக்கு, அதற்குள் மெம்பர்ஷிப். கடைசியாக ஒரு திரை வந்தது. பளிச்சென்ற காவி நிறத்தில் "அருளைத் தொடர்கிறேன்" என்று பெரிய பட்டன். அதன் கீழே வெளிறிய சாம்பல் எழுத்தில் "வேண்டாம், எனக்கு அருள் தேவையில்லை". ரத்து செய்ய வேண்டுமானால் அந்தச் சாம்பல் எழுத்தைத் தொட வேண்டும். அம்மாவின் விரல் அதன் பக்கத்தில் போய்ப் போய்த் திரும்பியது. "இப்படிப் போட்டிருக்கானே, எப்படி அமுக்கறது" என்று கையை எடுத்துவிட்டார். நான்தான் தொட்டேன். வயதானவர்களின் பக்தியைப் பிடித்துவைத்துக்கொண்டு காசு பறிப்பதை வியாபாரம் என்று என்னால் ஏற்கவே முடியாது.

இதைத் தடுக்க விதி இருக்கிறது. மத்திய நுகர்வோர் பாதுகாப்பு ஆணையம் 2023 நவம்பர் 30 அன்று வெளியிட்ட வழிகாட்டுதல்கள், ஏமாற்றும் 13 வகை வடிவமைப்புகளைப் பட்டியலிட்டுத் தடை செய்கின்றன. ரத்து செய்யும் வழியை ஒளித்துவைப்பது, இலவசம் என்று சொல்லிப் பணம் எடுக்கும் அனுமதியைக் கட்டாயமாக வாங்குவது எல்லாம் சந்தாப் பொறி என்ற வகையில் வருகின்றன. குற்ற உணர்ச்சியைத் தூண்டி மனதை மாற்றுவது தனி வகையாகவே இருக்கிறது. அந்தச் சாம்பல் எழுத்துத் திரையைப் படம் பிடித்து, தேசிய நுகர்வோர் உதவி எண் 1915இல் புகார் பதிந்தேன். ஆப் நிறுவனத்துக்கும் அதே படத்தை மெயிலில் அனுப்பினேன். கடைசி மாதத்து 199 திரும்பி வந்தது. பழைய மாதங்களுக்குப் பயன்படுத்தியிருக்கிறீர்கள் என்று சொல்லி மறுத்துவிட்டார்கள்.

149 ரூபாய் கூகுள் பிளே வழியாகப் போனது. பேத்தி போட்டோவுக்குப் பூ வைத்து விளையாடிய ஆப் அது. ஆப் எப்போதோ போய்விட்டது, சந்தா மட்டும் ஓடிக்கொண்டிருந்தது. பிளே ஸ்டோரில் புரொஃபைல் படத்தைத் தொட்டு, பேமென்ட்ஸ் அண்ட் சப்ஸ்கிரிப்ஷன்ஸ், அதற்குள் சப்ஸ்கிரிப்ஷன்ஸ், கேன்சல். ஏன் என்று ஒரு கேள்வி, அவ்வளவுதான். போனில் இரண்டு ஜிமெயில் இருந்தால் கணக்கை மாற்றி இரண்டிலும் பார்க்க வேண்டும். ஐபோன் என்றால் செட்டிங்ஸில் உங்கள் பெயரைத் தொட்டால் அங்கே சப்ஸ்கிரிப்ஷன்ஸ் இருக்கும்.

போன் பேலன்ஸில் போனது ஏதோ பாட்டுச் சேவை. 155223 என்ற எண்ணுக்கு ஸ்டாப் என்று ஆங்கிலத்தில் எஸ்எம்எஸ் அனுப்பினால் அல்லது அதே எண்ணுக்கு அழைத்தால் எந்தச் சேவை ஓடுகிறது என்று சொல்லி நிறுத்திக்கொள்ளலாம். கட்டணம் கிடையாது. இது எல்லா செல்போன் நிறுவனத்துக்கும் பொதுவான எண்.

கஷ்டம் கொடுத்தது நாச் வழியாகப் போன 299தான். போனில் ஒரு பெண் பேசி, மருத்துவ உதவித் திட்டம் என்று சொல்லி, டெபிட் கார்டு விவரத்தையும் ஓடிபியையும் வாங்கிப் பதிந்த மேண்டேட் அது. அது யுபிஐ ஆப்பில் தெரியாது, பிளே ஸ்டோரிலும் தெரியாது. கிளைக்குப் போனால், "நீங்க கம்பெனிகிட்டயே பேசிக்கங்கம்மா, நாங்க ஒண்ணும் பண்ண முடியாது" என்று கவுன்டரில் இருந்தவர் சொன்னார். பக்கத்தில் நின்றவர், அக்கவுன்ட்டில் பணம் வைக்காமல் விட்டால் தானே நின்றுவிடும் என்று யோசனை சொன்னார். அதைச் செய்யவே செய்யாதீர்கள். நாச் திரும்பினால் வங்கி அபராதம் பிடிக்கும். யுபிஐ ஆட்டோபேயிலும் முதல் முறை பணம் இல்லாவிட்டால் மேலும் 3 முறை வரை முயல்வார்கள். 2025 ஆகஸ்டில் இருந்து அது நெரிசல் இல்லாத நேரத்தில்தான் நடக்கிறது. அதாவது காலை 10 மணிக்கு முன், மதியம் 1 முதல் 5 வரை, இரவு ஒன்பதரைக்குப் பிறகு. அம்மாவுக்கு ராத்திரியில் எஸ்எம்எஸ் வந்து தூக்கம் கெட்டது இதனால்தான்.

கொடுத்த மேண்டேட்டைத் திரும்பப் பெற கணக்கு வைத்திருப்பவருக்கு உரிமை உண்டு, அதை அவருடைய வங்கியிலேயே கொடுக்கலாம். ஒவ்வொரு நாச் மேண்டேட்டுக்கும் யுஎம்ஆர்என் என்று ஓர் எண் உண்டு. அந்த எண், நிறுவனத்தின் பெயர், தொகை மூன்றையும் எழுதி, "இந்த மேண்டேட்டை ரத்து செய்யவும், இனி இதன் பேரில் பணம் எடுக்க அனுமதி இல்லை" என்று அம்மா கையெழுத்தோடு இரண்டு பிரதி எழுதினோம். மேலாளரிடம் கொடுத்து ஒன்றில் தேதி போட்டு முத்திரை வாங்கிக்கொண்டோம். முத்திரை கேட்டதும் பேச்சே மாறியது. உட்காரச் சொல்லி, கம்ப்யூட்டரில் தேடி, அன்றே ரத்து செய்தார்கள். வாயால் சொல்லிவிட்டு வந்திருந்தால் இன்னும் அலைந்துகொண்டிருப்போம்.

கார்டு வழியாக அம்மாவுக்கு எதுவும் இல்லை, ஆனால் என் தம்பிக்கு இருந்தது. ரிசர்வ் வங்கி விதிப்படி, கார்டில் சந்தா எடுப்பதற்கு 24 மணி நேரம் முன்பாவது வங்கி தகவல் அனுப்ப வேண்டும். அதில் அந்தத் தவணையையோ மேண்டேட்டையோ வேண்டாம் என்று சொல்ல வழியும் இருக்க வேண்டும். 2021 அக்டோபர் 1 முதல் இது முழுமையாக அமலில் இருக்கிறது. தம்பி வங்கி ஆப்பில் கார்டு பகுதிக்குள் ஈ-மேண்டேட் என்ற இடத்தில் ஓடிபி போட்டு முடித்துவிட்டான். ஆட்டோபேக்கும் இப்படி முன்கூட்டியே தகவல் வரும். அம்மாவுக்கும் வந்திருந்தது, நகைக்கடன் விளம்பரங்களுக்கு நடுவில், ஆங்கிலத்தில். தமிழில் மட்டும் படிக்கத் தெரிந்தவருக்கு ஆங்கிலத்தில் எச்சரிக்கை அனுப்பி என்ன பயன்? இதை வங்கிகள் மாற்றியே ஆக வேண்டும். அதுவரைக்கும் பென்ஷன் வாரத்தில் அம்மாவின் எஸ்எம்எஸ்களை வீடியோ காலில் நானே பார்க்கிறேன்.

ஒரு எச்சரிக்கை. கஸ்டமர் கேர் நம்பரை கூகுளில் தேடி அழைக்க வேண்டாம். பண்ருட்டி மாமா அப்படி ஒரு எண்ணுக்கு அழைத்தார். ரீஃபண்ட் தருகிறோம், திரையைக் காட்டும் ஆப் ஒன்றைப் போடுங்கள் என்றார்கள். அத்தை சத்தம் போட்டு போனைப் பிடுங்கியதால் தப்பினார். எண் வேண்டுமானால் பாஸ்புக்கிலோ கார்டின் பின்பக்கத்திலோ இருப்பதை மட்டும் எடுங்கள். பணம் போய்விட்டால் உடனே சைபர் மோசடி உதவி எண் 1930க்கு அழையுங்கள்.

இன்னொன்று, எல்லாவற்றையும் வெட்டிவிடாதீர்கள். பென்சில் கோடு போடும்போது 20 ரூபாய் ஒன்று வந்தது. அம்மா அதையும் நிறுத்தச் சொன்னார். அது பிரதமரின் விபத்துக் காப்பீடு, வருடத்துக்கு 20 ரூபாய்தான், விபத்தில் இறந்தால் குடும்பத்துக்கு 2 லட்சம். 70 வயது வரை உண்டு. ஜூன் தொடங்கி மே வரை ஓர் ஆண்டு என்பதால் அந்தச் சமயத்தில் பிடிப்பார்கள். அதை விட்டுவைத்தோம். சீரியல் பார்க்கும் ஆப்பையும் அம்மா கேட்டுக்கொண்டதால் வைத்திருக்கிறோம், ஆனால் ஆட்டோபே இல்லாமல், வருடத்துக்கு ஒரு முறை நானே கட்டுவதாக.

மருத்துவத் திட்டத்துக்காக இதுவரை போன பணத்தைத் திருப்பிக் கேட்டு அந்த நிறுவனத்துக்கு எழுதியிருக்கிறோம். முதலில் கையை விரித்ததற்காக வங்கியிலும் எழுத்துப்பூர்வமாகப் புகார் கொடுத்து, புகார் எண் வாங்கியிருக்கிறோம். வங்கி 30 நாளில் பதில் தராவிட்டாலும், தந்த பதில் திருப்தி இல்லாவிட்டாலும் ரிசர்வ் வங்கியின் ஒம்புட்ஸ்மனிடம், அதாவது வங்கிகள் மீதான புகார்களை விசாரிக்கும் குறைதீர்ப்பாளரிடம் போகலாம், கட்டணம் இல்லை. ஆன்லைனில் சிஎம்எஸ் என்ற ரிசர்வ் வங்கியின் புகார் தளத்தில் பதியலாம். தபாலில் அனுப்பினால் சண்டிகரில் உள்ள ரிசர்வ் வங்கி மையத்துக்கு எந்த மொழியிலும் எழுதலாம். சந்தேகம் கேட்க 14448. அம்மா தமிழிலேயே தன் கையால் ஒரு கடிதம் எழுதி, பாஸ்புக் நகலையும் முத்திரை வாங்கிய பிரதியையும் சேர்த்துத் தயாராக வைத்திருக்கிறார். கெடு முடிந்ததும் திருப்பாதிரிப்புலியூர் தபால் நிலையத்தில் பதிவுத் தபாலில் போட்டுவிடுவோம்.