நீர் இறங்கும் நேரம் கேட்டுப் போங்கள்

கெடாவில் எங்கள் பீடோங் பக்கத்திலிருந்து லங்காவித் தீவுக்குப் போகிறவர்கள் சாக்லேட் வாங்குவார்கள், கழுகுச் சிலை முன்னால் நின்று படம் எடுப்பார்கள், கேபிள் காரில் ஏறி இறங்குவார்கள், கோலக்கெடா ஃபெரியைப் பிடித்து வீட்டுக்கு வந்துவிடுவார்கள். அந்தத் தீவின் கிலிம் ஆற்றில் படகுப் பயணம் எப்படி என்று கேட்டால், "அதுவா, சேத்து மரந்தான் இருக்கு" என்பார்கள். அந்தச் சேற்று மரங்களுக்கு, அதாவது சதுப்புநிலக் காட்டுக்கு, நடுவே குகை இருப்பதையும், ஆறு போய்த் திறந்த கடலில் சேருமிடத்தில் இன்னொரு குகை இருப்பதையும் யாரும் சொல்வதில்லை. அம்மாவை அழைத்துக்கொண்டு போய்ப் பார்த்துவிட்டு வந்தேன், எழுதிவைக்கிறேன்.

முதலில் நேரத்தைப் பற்றி. கிலிம் படகுத்துறையில் வாடகை படகுக்குத்தான், ஆளுக்கு இல்லை. எத்தனை மணி நேரம் என்று பேசிக்கொண்டு ஏறவேண்டும். எல்லாரும் அங்கே போய் நின்று "எத்தனை வெள்ளி?" என்று மட்டும் கேட்கிறார்கள். நீங்கள் முந்தின நாளே போன் போட்டு, தண்ணீர் எப்போது இறங்கும் என்று கேளுங்கள். ஆயர் சூருட் எத்தனை மணிக்கு என்று மலாயில் கேட்டால் போதும், டக்கென்று சொல்வார்கள். இந்தக் கரையில் கடல் நாளுக்கு இரண்டு முறை ஏறி இறங்கும். அந்த நேரமும் ஒவ்வொரு நாளும் முக்கால் மணிக்கு மேல் தள்ளிப்போகும். அமாவாசை, பௌர்ணமியை ஒட்டி ஏற்றமும் பெரிது, இறக்கமும் பெரிது. குவா பூவாயா, அதாவது முதலைக் குகை, ஆற்றின் மட்டத்திலேயே மலையைக் குடைந்துகொண்டு போகும் சுரங்கம். தண்ணீர் ஏறியிருந்தால் கூரைக்கும் படகுக்கும் இடைவெளி இருக்காது. வாசலைக் காட்டிவிட்டுப் படகைத் திருப்பிவிடுவார்கள், கொடுத்த காசு கொடுத்ததுதான்.

நாங்கள் லங்காவியின் குவா பட்டணத்தில் ரொட்டி சானாய் பசியாறிவிட்டு, தண்ணீர் இறங்கிக்கொண்டிருந்த நேரத்துக்குப் போய்ச் சேர்ந்தோம். அம்மா, என் வீட்டுக்காரர், மகள், அக்கா மகன் எல்லாரும் ஒரே படகு. படகோட்டி எங்களைவிடக் கொஞ்சம் மூத்தவர். நாங்கள் "பாங்", அதாவது அண்ணன், என்று கூப்பிட்டோம். அவர் அம்மாவின் கையைப் பிடித்து இறக்கி, மலாயில் அத்தை என்பதுபோல, "மாக்சிக், நடுவில் உட்காருங்கள், அங்கேதான் ஆட்டம் குறைவு" என்றார். அம்மா சேலைக்கு மேலே லைப் ஜாக்கெட்டை மாட்டிக்கொண்டு, இடுப்பில் சொருகிய பர்ஸ் கைக்கு எட்டவில்லை என்று கொஞ்ச நேரம் முனகினார்.

கிலிம் முழுக்கச் சுண்ணாம்புப் பாறை. 40 கோடி ஆண்டுகளுக்கும் முன்னால் கடலடியில் சிப்பியும் உயிரினங்களின் கூடும் படிந்து இறுகிய கல். லங்காவிக்கு 2007-இல் யுனெஸ்கோ புவிப்பூங்கா என்ற தகுதி கிடைத்ததற்கு இந்தக் கற்களும் ஒரு காரணம். மழைநீர் மேலிருந்து கரைக்கிறது, கடல்நீர் கீழிருந்து அரிக்கிறது. அதனால் செங்குத்தான பாறையின் அடி மட்டும் உள்வாங்கி, மேல்பாகம் துருத்திக்கொண்டு நிற்கும். பாங் எஞ்சினை அணைத்துவிட்டு ஒரு பாறையருகே படகை மிதக்கவிட்டார். தண்ணீரை ஒட்டிச் சிப்பிகள் அப்பிக் கிடந்தன. அதற்கு மேலே கறுப்பாய் ஒரு ஈரக்கோடு. நின்றால் என் தலைக்கும் மேல் போகும் போலிருந்தது. விடியற்காலை தண்ணீர் அதுவரைக்கும் இருந்தது என்றார். அக்கா மகன் கைபேசியில் எதையோ பார்த்துக்கொண்டு வந்தவன், அப்போதுதான் தலையைத் தூக்கினான்.

முதலைக் குகைக்குள் நுழையும்போது எஞ்சினை மெதுவாக்கி, "தலையைக் குனியுங்கள், கையை வெளியே நீட்டாதீர்கள்" என்றார். உள்ளே போனதும் வெயில் சட்டென்று அறுந்தது. கூரையிலிருந்து கல் விழுதுகள் தொங்குகின்றன, சிலவற்றின் நுனியில் நீர் சொட்டத் தயாராக நிற்கிறது. ஒன்று என் வீட்டுக்காரரின் பிடரியில் சொட்டியது. மனுஷர் முதலையே கடித்த மாதிரி துள்ளினார். எஞ்சின் சத்தம் சுவரில் மோதித் திரும்பி வந்து நெஞ்சில் அதிர்கிறது. மறுபக்க வாசலில் நீர் பச்சையாக ஒளிர, அந்த ஒளி கூரையில் அலையலையாக ஓடியது. கொஞ்ச நேரம்தான், வெளியே வந்துவிட்டோம். முழுப் பயணத்தில் எனக்குப் பிடித்தது அதுதான். இன்னொரு தரம் போகலாமா என்று மகள் கேட்க, பாங் சிரித்துக்கொண்டே திருப்பிக் கொண்டுபோனார். கூடுதல் காசு கேட்கவில்லை.

அடுத்து கழுகு. இதில் எனக்குக் கொஞ்சம் கோபம் உண்டு. வெள்ளைத் தலையும் செம்பழுப்பு உடம்புமாய் அங்கே வட்டமிடுவது நம் கருடன்தான். அம்மா பார்த்தவுடனே கன்னத்தில் போட்டுக்கொண்டார். பக்கத்தில் ஒரு படகிலிருந்து கோழித் தோலை வாளி வாளியாகத் தண்ணீரில் கொட்டினார்கள். பறவைகள் கூட்டமாக இறங்கி அள்ளின, சுற்றுலாப் பயணிகள் கூச்சலிட்டார்கள். "கருடனுக்குக் கோழித் தோலா போடுவாங்க?" என்று அம்மா முகத்தைச் சுளித்தார். மீனும் நண்டும் தேடித் தின்னும் பறவைக்குக் கொழுப்பை உருட்டிப் போட்டுப் பழக்கினால் அது வேட்டையை மறந்து படகுச் சத்தத்துக்குக் காத்திருக்கும். இயற்கை ஆர்வலர்கள் வெகுநாளாகச் சொல்லிவரும் விஷயம் இது. ஏறும்போதே எங்களுக்குத் தீனி போடுவது வேண்டாம் என்று சொல்லிவிட்டேன். நீங்களும் சொல்லுங்கள், படகோட்டிகள் தப்பாக எடுத்துக்கொள்வதில்லை.

ஆற்று முகத்தைத் தாண்டினால் அந்தமான் கடல். எதிரே தாய்லாந்தின் தாருதாவ் தீவு நீலமாகத் தெரிகிறது. கடலைப் பார்த்த பாறையில்தான் குவா செரித்தா, கதைக் குகை, இருக்கிறது. அன்றைக்கு அலை கொஞ்சம் எழும்பியிருந்ததால் பாங் கரையேற்ற மறுத்துவிட்டார். நான் வற்புறுத்தவில்லை. பாறையில் எங்களை மோதவிடாத படகோட்டிதான் நல்ல படகோட்டி. ஆனால் கதையைச் சொன்னார். சீன இளவரசிக்கும் ரோம் இளவரசனுக்கும் நடக்கவிருந்த கல்யாணத்தைத் தடுத்துக் காட்டுகிறேன் என்று நபி சுலைமானிடம் சவால் விட்ட கருடன், இளவரசியைத் தூக்கிவந்து இந்தத் தீவில் ஒளித்துவைத்ததாம். கப்பல் உடைந்து இளவரசனும் இதே தீவில் கரை ஒதுங்க, கருடனின் திட்டம் பாழ். கெடாவின் பழைய ராஜா கதையில் வருவது. "அப்போ கோழித் தோல் போட்டதுல தப்பே இல்ல" என்றான் அக்கா மகன். அம்மா அவன் தலையில் ஒரு குட்டு வைத்தார்.

மிதக்கும் மீன் பண்ணையைப் பற்றி எழுத ஒன்றுமில்லை. திருக்கைக்குத் தீனி, பக்கத்திலேயே சாப்பாட்டுக் கடை, விலையைக் கேட்டதும் இறங்கிவிட்டோம்.

திரும்பும் வழியில் குவா கெலாவார், வௌவால் குகை. படகைக் கட்டிவிட்டுப் பலகைப் பாதையில் நடக்கவேண்டும். வாசலில் குரங்குகள்; பிளாஸ்டிக் பை கையில் இருந்தால் அது உங்களுடையதில்லை. உள்ளே கும்மிருட்டு, வௌவால் எச்சத்தின் நெடி. எங்களிடம் வாடகைக்குக் கொடுத்த டார்ச் லைட் ஒன்று அழுது வடிந்தது, இன்னொன்று தட்டினால்தான் எரிந்தது. வீட்டிலிருந்தே நல்லதாகக் கொண்டுபோங்கள். மூட்டுவலிக்காரர் ஆயிற்றே என்று நான் அம்மாவின் கையைப் பிடிக்கப் போனேன். அம்மா கையை உதறிவிட்டு, டார்ச்சை வாங்கிக்கொண்டு எங்களுக்கு முன்னால் நடக்க ஆரம்பித்துவிட்டார். வெளிச்சத்தைத் தூரத்தில் அடிக்காமல், காலடிக்கு ஓரெட்டு முன்னால் மட்டும் அடித்துக்கொண்டு. நாங்கள் கூரையைப் பார்த்துத் தடுமாறினோம், அவர் தடுமாறவில்லை. விடியும் முன்னே பெரட்டுக்கு, தோட்டத்தில் பேர் கூப்பிடும் இடத்தில், நின்று, நெற்றியில் விளக்கைக் கட்டிக்கொண்டு பால்மரக் காட்டில், ரப்பர் மரங்களுக்கு நடுவே, நிரை பிடித்துப் பால் வெட்டிய கால்கள். "பாம்பு இருக்கற காட்டுலயே நடந்தாச்சு, இது பலக போட்ட பாத" என்றார்.

சுவரில், கைக்கு எட்டாத உயரத்தில், சிப்பி ஓடுகள் ஒட்டியிருப்பதைப் பாங் காட்டினார். ஏறத்தாழ 5000 ஆண்டுகளுக்கு முன்னால் இந்தக் கரையில் கடல்மட்டம் இன்றைவிடச் சில மீட்டர் உயரம். அன்றைக்கு இந்தக் குகைக்குள்ளும் கடல் இருந்திருக்கிறது. காலையில் பாறையில் பார்த்த உயிருள்ள சிப்பிகளின் பாட்டன் பூட்டன்கள் இவை.

வௌவால்மேல் நேராக வெளிச்சம் அடிக்காதீர்கள். நம் நாட்டில் குகையில் வாழும் தேன் வௌவால் ஒன்று இருக்கிறது. டுரியான் பூ சாயங்காலம் விரியும்போது வந்து தேன் குடித்து மகரந்தம் சேர்ப்பது அதுதான். சம்பலில் போடும் பெத்தாய்க் காய்க்கும் வௌவால்தான். இதைச் சொன்னதும் அம்மா, "அப்ப டுரியான் வெல ஏறுனதுக்கு இதுங்கதான் காரணமா?" என்று கேட்டார். வௌவால் குறைந்தால்தான் விலை ஏறும் என்றேன்.

படகுத்துறைக்குத் திரும்பும்போது பாங், மாக்சிக் எப்படி இருட்டில் இவ்வளவு தைரியமாக நடக்கிறார் என்று விசாரித்தார். பால்மரம் வெட்டியவர் என்றேன். அவ்வளவுதான். அவருடைய அம்மாவும் லங்காவியிலேயே மரம் வெட்டியவராம். அப்புறம் எந்த வயதில் கத்தி பிடித்தது, மழை நாளில் மங்கில், மரத்துப் பால் வடியும் கிண்ணத்தில், தண்ணீர் நிறைந்து பால் வீணாய்ப் போனது, கட்டிப்பால், அதாவது உறைந்த ரப்பர் பால், இப்போது கிலோ என்ன விலை என்று இரண்டு பேரும் மலாயில் பேசிக்கொண்டே வந்தார்கள். குவா செரித்தாவில் எந்த மாதத்தில் கரையிறங்கலாம் என்று கேட்க நினைத்திருந்தேன். எனக்குப் பேசவே இடம் கிடைக்கவில்லை.