பச்சைத் தலைக் கல்

ஆண்டு மலருக்கு ஏதாவது எழுதுங்கள் என்று நம் பள்ளியின் பழைய மாணவர் சங்கச் செயலாளர் மூன்று மாதமாகக் கேட்டுக்கொண்டிருந்தார். புவியியல் சார் காலமான செய்தி சிங்கப்பூருக்கு வந்து சேர்ந்த பிறகு எனக்கு வேறெதையும் எழுத மனம் வரவில்லை. அவரைப் பற்றி எழுதுவதென்றால் ரோட்டைப் பற்றித்தான் எழுத வேண்டும்.

நம் ரோடு மாநில நெடுஞ்சாலை 15. ஈரோடு, கோபி, சத்தி, மேட்டுப்பாளையம், கோத்தகிரி என்று போய் ஊட்டியில் ஏறி நிற்பது. மதிய மணி அடித்ததும் சார் வகுப்பை அப்படியே பள்ளி கேட்டுக்கு வெளியே கூட்டிப் போய்க் கிலோமீட்டர் கல்லைச் சுற்றி உட்கார வைப்பார். கல்லின் தலையில் மஞ்சள் என்றால் தேசிய நெடுஞ்சாலை, பச்சை என்றால் மாநிலத்துடையது. நடுவில் 2, 4, 6, 8 என்று நிற்கிற குட்டிக் கற்கள் 200 மீட்டருக்கு ஒன்று. சின்னப் பாலத்துச் சுவரில் 12/3 என்று எழுதியிருந்தால் 12ஆவது கிலோமீட்டரில் மூன்றாவது பாலம். ரோட்டின் நடு ஏன் மேடு, மழைத்தண்ணி எந்தப் பக்கம் வடியும், வளைவில் வெளிப்பக்கத்தை ஏன் தூக்கிப் போட்டிருக்கிறார்கள், எல்லாம் அங்கேதான் படித்தோம்.

அப்புறம் வண்டிகள். கவுந்தப்பாடி நாட்டுச்சர்க்கரை பழனிப் பஞ்சாமிர்தத்துக்குப் போவது, சத்தி மல்லிகை விடிவதற்குள் கிளம்ப வேண்டியிருப்பது, வியாழக்கிழமை என்றால் புளியம்பட்டிச் சந்தைக்கு மாடு ஏற்றிய வண்டிகள். கொடிவேரி அணையிலிருந்து தடப்பள்ளி வாய்க்காலில் தண்ணி விட்டால் சில மாதத்தில் இந்த ரோட்டில் நெல் மூட்டை போகும் என்பார். அணையும் வாய்க்காலும் பாடப் புத்தகத்தில் இருந்தன. அவை ரோட்டில் வந்து முடிவதை அவர்தான் காட்டினார்.

ஒருநாள் ஆய்வுக்கு வந்த அதிகாரி ஒருவர் நாங்கள் கல்லருகே உட்கார்ந்திருந்ததைப் பார்த்துவிட்டு ஜீப்பை நிறுத்தினார். "பாடம் நடத்தச் சொன்னா பசங்களை ரோட்டுல மேய்க்கிறியா?" ஐம்பது வயது மனிதரை, நாற்பது பிள்ளைகள் முன்னால், ஒருமையில். சார் "சரிங்க" என்றார், எங்களை எழுப்பி வரிசையாக உள்ளே நடத்திப் போனார், அன்று மீதி நேரம் முழுவதும் கரும்பலகைப் பக்கம் திரும்பியே எழுதிக்கொண்டிருந்தார். அந்த முதுகை நான் மறக்கவில்லை. அவரிடம் படித்த யாரும் மறந்திருக்க முடியாது.

மறுவாரம் காம்பவுண்டுச் சுவருக்கு உள்பக்கமாக எங்களை நிற்க வைத்து, "நாம போக வேண்டாம் கண்ணு, வண்டி நம்மகிட்ட வரும்" என்று பாடத்தைத் தொடர்ந்தார். அவர் மேல் நான் வைத்திருக்கும் மரியாதை முழுவதும் அந்த ஒரு பீரியடில் வந்தது. ஆளாளுக்கு நோட்டு போட்டு, எந்த நேரத்தில் என்ன வண்டி, என்ன சரக்கு, எந்தப் பக்கமிருந்து என்று குறித்தோம். அதுதான் நம் ரோட்டு நோட்டு.

அதே ரோட்டில் பஸ் ஏறித்தான் கல்லூரிக்கும் பிறகு இங்கேயும் வந்தேன். கடைசியாக ஊருக்குப் போயிருந்தபோது அவரைப் பார்க்கப் போனேன். ரோடு அகலப்படுத்தியதைச் சொன்னார், எந்தக் கல்லுக்குப் பக்கத்தில் எந்தப் புளியமரம் போனது, எந்தப் பாலத்தை இடித்துப் புதிதாகக் கட்டினார்கள் என்று ஒவ்வொன்றாக. எனக்கு ஓர் இடம்கூடப் பிடிபடவில்லை. அவர் சொல்லச் சொல்ல விருந்தாளி மாதிரித் தலையாட்டிக்கொண்டிருந்தேன். அவருக்கு அது தெரிந்திருக்கும், ஆனாலும் நிறுத்தவில்லை, "அங்கே கல்லெல்லாம் எப்படி நட்டிருக்காங்க கண்ணு?" என்று இந்த ஊரைப் பற்றிக் கேட்டார். சம்பாதிக்கத்தான் வந்தேன், சம்பாதித்தேன். அந்த ரோட்டைத் தெரிந்தவனாக இருந்ததை எங்கே விட்டேன் என்று விமானத்தில் யோசித்துக்கொண்டே வந்தேன்.

அந்த நோட்டு யாரிடமாவது இன்னும் இருந்தால் சங்கத்துக்கு அனுப்புங்கள். என்னுடையதில் அட்டை இல்லை, பாதிப் பக்கம் கரையான் தின்றிருக்கிறது. மிச்சம் இருப்பதையெல்லாம் சேர்த்து ஒரு தொகுப்பாக அச்சிட்டுப் பள்ளி நூலகத்தில் வைக்க வேண்டும். அச்சுச் செலவு என்னுடையது.