அடைப்புக்குறிக்கு முன்னால் ஒரு கழித்தல்

500 − (எக்ஸ் − 50) = 450 − எக்ஸ்

மகளின் கணக்கு நோட்டில் இந்த வரிக்குப் பக்கத்தில் சிவப்பாக ஒரு தவறுக்குறி. அவள் ரப்பரால் தேய்த்துத் தேய்த்துத் தாளே நைந்திருந்தது.

"அடைப்பை நீக்கினால் குறி மாறுமாம். ஏன் மாறுகிறது அப்பா?"

500 ரூபாயோடு கடைக்குப் போகிறாய் என்றேன். துணி 300 ரூபாய், தள்ளுபடி 50. மீதி எவ்வளவு?

"250."

உன் விடையில் எக்ஸுக்கு 300 போட்டுப் பார்.

"150!" கண்கள் விரிந்தன. "தள்ளுபடியையும் என்னிடமே பிடுங்கிவிட்டார்களா?"

ஆமாம், அந்த 50 உனக்குத் திரும்பி வரவேண்டிய பணம். அதனால்தான் அது கூட்டல்.

விதியை மட்டும் கொடுத்துக் காரணத்தை மறைத்துவிடுகிறோமே என்று மனம் ஆறவில்லை. எத்தனை பிள்ளைகள் இந்தச் சின்னக் கோட்டிலேயே கணக்கை வெறுத்திருப்பார்கள்!

நைந்த தாளின் மேலேயே அழுத்தி எழுதினாள்: 550 − எக்ஸ்.