முன் ஜாமீனை ரத்து செய்யக் கோரி நாங்கள் நடந்த ஆறு மாதங்கள்

2024 நவம்பரில் என் மகள் கொடுத்த புகாரின் பேரில், சென்னையில் ஒரு மகளிர் காவல் நிலையத்தில் மருமகன் மீதும் அவருடைய தாயார் மீதும் வழக்குப் பதிவாயிற்று. கணவரோ அவர் உறவினரோ மனைவியைக் கொடுமைப்படுத்துவதைத் தண்டிக்கும், பழைய இந்தியத் தண்டனைச் சட்டத்தின் 498ஏ-வுக்கு இணையான பாரதிய நியாய சன்ஹிதாவின் 85-ஆம் பிரிவும், வரதட்சணைத் தடுப்புச் சட்டத்தின் 4-ஆம் பிரிவும் முதல் தகவல் அறிக்கையில் இருந்தன. மூன்று வாரத்துக்குள் இருவரும் அமர்வு நீதிமன்றத்தில் முன் ஜாமீன் வாங்கிவிட்டார்கள். 85-ஆம் பிரிவுக்கு அதிகபட்சத் தண்டனையே மூன்று ஆண்டுகள்தான். ஏழு ஆண்டு வரை தண்டனையுள்ள குற்றங்களில் காவல்துறை எடுத்த எடுப்பில் கைது செய்யக் கூடாது என்று அர்னேஷ் குமார் வழக்கில் உச்ச நீதிமன்றம் 2014-லேயே கூறியிருக்கிறது. இதெல்லாம் அன்று எனக்குத் தெரியாது. மகளின் கையில் கட்டு பிரிக்கப்படாத நிலையில் அவர்கள் வீட்டில் நிம்மதியாக இருக்கிறார்களே என்ற எண்ணம் மட்டுமே எனக்குள் இருந்தது.

அந்த எண்ணத்தோடு உட்கார்ந்து, ஜாமீனை ரத்து செய்ய வேண்டும் என்று பதினொரு பக்கம் எழுதினேன். நிச்சயதார்த்தத்தில் தொடங்கி, சீர்வரிசையில் குறை சொன்னது, 40 சவரன் நகையை மாமியார் தம் பொறுப்பில் வைத்துக்கொண்டு இன்றுவரை திருப்பித் தராதது, பேரக் குழந்தைக்குப் பால் வாங்கக்கூடப் பணம் அனுப்பாதது, சமரசப் பேச்சுக்கு இருமுறை வராமல் இருந்தது என்று ஒன்றையும் விடவில்லை. எங்கள் வழக்கறிஞர் முழுவதையும் பொறுமையாகப் படித்தார். பிறகு பென்சிலை எடுத்து ஒவ்வொரு பத்தியாக அடித்துக்கொண்டே வந்தார். கடைசியில் ஒரு வரிகூட மிஞ்சவில்லை.

"ஐயா, இதெல்லாம் அவர் ஜாமீன் வாங்குவதற்கு முன்னால் செய்தது, அல்லது வேறு நீதிமன்றத்தில் கேட்க வேண்டியது. ஜாமீன் வாங்கிய பிறகு அவர் என்ன செய்தார் என்பதைத்தான் நீதிபதி கேட்பார்" என்றார்.

அன்று எனக்குக் கோபம் வந்தது. அவர் விளக்கியதை மெல்ல மெல்லத்தான் விளங்கிக்கொண்டேன். ஜாமீன் கொடுக்க மறுப்பது வேறு, கொடுத்த ஜாமீனைப் பறிப்பது வேறு. பின்னதற்கு மிக வலுவான, மறுக்க முடியாத சூழ்நிலைகள் வேண்டும் என்று தௌலத் ராம் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது. அதுவும் ஒரு வரதட்சணை மரண வழக்கில், உயர் நீதிமன்றம் முன் ஜாமீனை ரத்து செய்தது தவறு என்று தீர்ப்பளிக்கும்போது சொன்னது. சாட்சிகளை மிரட்டுவது, ஆதாரங்களைக் கலைப்பது, விசாரணைக்கு இடையூறு செய்வது, தலைமறைவாவது அல்லது நாட்டைவிட்டுப் போக முயல்வது, ஜாமீனில் இருந்தபடியே மீண்டும் குற்றம் செய்வது, நிபந்தனைகளை வேண்டுமென்றே மீறுவது ஆகியவையே பொதுவாக ஏற்கப்படும் காரணங்கள். இவை எதுவும் நடக்காவிட்டாலும், முக்கியமான ஆவணத்தைப் பார்க்காமலோ சட்டத்துக்கு முரணாகவோ ஜாமீன் கொடுக்கப்பட்டிருந்தால் மேல் நீதிமன்றம் அந்த ஆணையையே நீக்கலாம். ஆனால் அது தனி வழி. ஜீவனாம்சம் தராததை எங்கள் மனுவில் சேர்க்க முடியாது என்பதற்கு அவர் காட்டியது முனீஷ் பாசின் வழக்கு. முன் ஜாமீன் நிபந்தனையாக மனைவிக்கு மாதந்தோறும் பணம் கட்டச் சொன்னது செல்லாது என்று 2009-இல் உச்ச நீதிமன்றம் கூறியிருக்கிறது. ஜீவனாம்சத்துக்குக் குடும்பநல நீதிமன்றம் இருக்கிறது, நகைக்குத் தனிப் பிரிவு இருக்கிறது. இதைக் கேட்டபோது மனம் ஒப்பவில்லை என்றாலும், இப்போது அதன் நியாயம் எனக்குப் புரிகிறது.

நிலைமை மாறியது பிப்ரவரி மாதத்தில். சம்பவம் நடந்த இரவில் என் மகளை ஆட்டோவில் ஏற்றி மருத்துவமனைக்குக் கூட்டிச் சென்ற பக்கத்து வீட்டு அம்மாள்தான் எங்கள் தரப்பின் முதன்மைச் சாட்சி. அவர் குடியிருக்கும் வீடு மருமகனின் உறவினருக்குச் சொந்தமானது. ஒரு ஞாயிற்றுக்கிழமை மாலை மருமகன் அவர் வீட்டு வாசலில் நின்று, கோர்ட்டுக்குப் போய்ச் சொன்னால் மறு மாதமே வீட்டைக் காலி செய்ய வேண்டியிருக்கும் என்று சொல்லியிருக்கிறார். அதே வாரத்தில் என் மகளின் கைப்பேசிக்கு, வழக்கை வாபஸ் வாங்காவிட்டால் குழந்தையை எங்கிருந்து தூக்க வேண்டுமோ அங்கிருந்து தூக்குவேன் என்ற குரல்பதிவும் வந்தது.

உடனே காவல் நிலையத்துக்கு ஓடினேன். வாய்மொழியாகச் சொல்லிவிட்டு வந்த முதல் முறை எந்தப் பயனும் இல்லை. இரண்டாம் முறை எழுத்து மூலம் கொடுத்து, புகாரைப் பெற்றுக்கொண்டதற்கான சி.எஸ்.ஆர். ரசீது கைக்கு வரும்வரை அங்கேயே உட்கார்ந்திருந்தேன். பிறகு நீதிமன்றத்தில் அந்த ஒற்றைத் தாள் எனக்கு என் பதினொரு பக்கத்தைவிடப் பெரிதாக உதவியது. குடியிருப்புச் சங்கத்தின் கேமராப் பதிவு தானாக அழிந்துவிடும் என்று செயலாளர் சொன்னதால், மறுநாளே பென்டிரைவில் எடுத்துத் தரச் சொன்னோம். வெறும் பதிவு போதாது. புதிய சாட்சியச் சட்டமான பாரதிய சாக்ஷிய அதினியத்தின் 63-ஆம் பிரிவின்படி சான்றிதழ் வேண்டும் என்றார் வழக்கறிஞர். குரல்பதிவுக்கும் அதுவே. அது வந்த கைப்பேசியை மகள் மாற்றாமல் வைத்திருந்தது நல்லதாயிற்று.

எல்லாவற்றையும்விடக் கடினமாக இருந்தது அந்த அம்மாளின் பிரமாண வாக்குமூலம். அவருக்குப் பயம், அந்தப் பயத்தில் தவறேதும் இல்லை. நான் அவரை வற்புறுத்தக் கூடாது, வற்புறுத்தினால் நானும் சாட்சியைக் கலைத்தவன் ஆகிவிடுவேன் என்று வழக்கறிஞர் எச்சரித்திருந்தார். பத்து நாள் யோசித்த பிறகு அவராகவே வந்து கையெழுத்துப் போட்டார்.

எங்கள் ஜாமீன் ஆணையிலேயே, நிபந்தனை மீறப்பட்டால் பி.கே. ஷாஜி வழக்கின் அடிப்படையில் குற்றவியல் நடுவரே நடவடிக்கை எடுக்கலாம் என்ற வரி இருந்தது. சென்னையில் இத்தகைய ஆணைகளில் இது வழக்கமான வரி. இருந்தாலும் ஜாமீன் கொடுத்த அமர்வு நீதிமன்றத்திலேயே, புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டமான பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 483(3)-ஆம் பிரிவின் கீழ் மனு போட்டோம். காவல்துறைதான் போட வேண்டும் என்று பலர் சொல்லக் கேட்டிருக்கிறேன். அது சரியல்ல. மேலவளவுக் கொலை வழக்கில் ஜாமீனை எதிர்த்து வழக்கறிஞர்கள் கொடுத்த மனு தொடர்பாக, யார் கொடுத்தாலும் நீதிமன்றம் பரிசீலிக்கலாம் என்று ரத்தினம் வழக்கில் உச்ச நீதிமன்றம் 2000-இல் தெளிவுபடுத்திவிட்டது. வழக்கறிஞர் வைக்க வசதியில்லாத பெண்கள், வருமான வரம்பே இல்லாமல் சட்டப் பணிகள் ஆணைக்குழுவில் இலவச உதவி கேட்கலாம் என்பதையும் இங்கே சொல்லிவிடுகிறேன்.

மூன்று வாய்தா ஆயிற்று. ஜாமீன் நிபந்தனைப்படி காவல் நிலையத்தில் கையெழுத்துப் போட மருமகன் நான்கு நாள் தவறியதையும் நாங்கள் குறிப்பிட்டிருந்தோம். இரண்டு நாளுக்கு மருத்துவச் சான்று காட்டினார்கள், நீதிபதி அதைப் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை. மிரட்டல் சந்தேகத்துக்கு இடமின்றி நிரூபிக்கப்படவில்லை என்பதே எதிர்த்தரப்பு வாதம். ஜாமீன் ரத்துக்கு அந்த அளவு நிரூபணம் தேவையில்லை, நடந்திருக்கவே வாய்ப்பு அதிகம் என்று காட்டினால் போதும் என்ற 1978-ஆம் ஆண்டின் சஞ்சய் காந்தி வழக்குத் தீர்ப்பை எங்கள் வழக்கறிஞர் எடுத்து வைத்தார்.

மருமகனின் முன் ஜாமீன் ரத்தாயிற்று. மாமியாருடையது ஆகவில்லை, ஜாமீனுக்குப் பிறகு அவர் எதுவும் செய்ததாக எங்களிடம் ஆதாரம் இல்லை, நீதிபதி ஆணையில் அதையே எழுதினார். எனக்கு வருத்தம்தான், ஆனால் அந்த ஆணையில் குறை காண என்னால் முடியவில்லை. மருமகன் புழல் சிறையில் பதினெட்டு நாள் இருந்துவிட்டு, அந்த அம்மாள் குடியிருக்கும் தெருவுக்குள் நுழையக் கூடாது என்ற நிபந்தனையோடு மறுபடி ஜாமீனில் வந்தார். அவர் வந்த செய்தியைக் கேட்டு மகள் அன்றிரவு சாப்பிடவில்லை. ஆனால் அதற்குப் பிறகு குரல்பதிவு எதுவும் வரவில்லை; பக்கத்து வீட்டு அம்மாளும் அதே வீட்டில்தான் குடியிருக்கிறார்.

இப்போது குற்றப்பத்திரிகை தாக்கலாகி, சாட்சி விசாரணைக்கு அந்த அம்மாளுக்குச் சம்மன் வந்திருக்கிறது. துணைக்கு நான் வரட்டுமா என்று கேட்க நினைத்தேன். சாட்சிக்குச் சொல்லிக்கொடுத்து அழைத்து வந்ததாகக் குறுக்கு விசாரணையில் கேட்பார்கள் என்று வழக்கறிஞர் தடுத்துவிட்டார். அந்த அம்மாள் தம் மகனோடு எழும்பூர் நீதிமன்றத்துக்குப் போகிறார்.