திறந்திருக்கிறது என்று சொல்லும் ஒரு சொல்

கடந்த ஐப்பசியில் என் தங்கைக்கு 30 வாரங்களிலேயே பெண் குழந்தை பிறந்தது. எடை 1,300 கிராம். இன்குபேட்டரில் வைத்திருந்த அந்தக் குழந்தைக்கு நான்காம் நாள் எக்கோ என்ற இதய ஸ்கேன் எடுத்தார்கள். அறிக்கையின் கடைசி வரியில் ஆங்கிலத்தில் 'பேட்டன்ட் டக்டஸ் ஆர்ட்டீரியோசஸ்' என்று இருந்தது. பணியில் இருந்த மருத்துவர் "பி.டி.ஏ. இருக்கும்மா, பார்க்கலாம்" என்று மட்டும் சொல்லிவிட்டு அடுத்த குழந்தையைப் பார்க்கப் போய்விட்டார். தங்கை அந்த வரியைக் கைப்பேசியில் தட்டி மொழிபெயர்த்துப் பார்த்திருக்கிறாள். 'காப்புரிமை' என்ற சொல்லோடு ஏதோ ஒரு தமனியின் பெயர் வந்திருக்கிறது. இரவு பதினொரு மணிக்கு என்னை அழைத்து, "அண்ணா, காப்புரிமைன்னு வருது. பாப்பாவுக்கு வேண்டிய மருந்துக்கு யாரோ உரிமை வச்சிருக்காங்களா, நமக்குக் கிடைக்காதா?" என்று கேட்டு அழுதாள்.

மருத்துவமனைகளில் நோயாளிகளுக்குக் கொடுக்கும் விளக்கத் தாள்களைத் தமிழாக்கம் செய்வதுதான் என் தொழில். அந்தச் சொல்லை அதற்கு முன் எத்தனையோ முறை கடந்து போயிருக்கிறேன். நின்று பார்த்தது அன்றிரவுதான்.

'பேட்டன்ட்' என்ற சொல்லின் வேர் லத்தீனில் 'பட்டேரே' என்ற வினை. திறந்து கிடத்தல், விரிந்து கிடத்தல் என்று பொருள். இங்கிலாந்து அரசர்கள் இருவகைக் கடிதங்கள் விடுத்தார்கள். ஒருவருக்கென்று எழுதி, மடித்து, உடைத்தால்தான் படிக்க முடியும்படி முத்திரையிட்டது மூடிய கடிதம். எல்லாரும் படிக்கட்டும் என்று மடிக்காமல், முத்திரையைக் கீழே தொங்கவிட்டு வெளியிட்டது திறந்த கடிதம், அதாவது 'லெட்டர்ஸ் பேட்டன்ட்'. பதவி, பட்டம், நிலம், தொழில் செய்யும் தனியுரிமை ஆகியவற்றை அத்தகைய கடிதங்களால் வழங்கினார்கள். 1449இல் ஆறாம் ஹென்றி, ஜான் ஆஃப் யூட்டினம் என்ற கண்ணாடிக் கைவினைஞருக்கு வண்ணக் கண்ணாடி செய்யும் தனியுரிமையை 20 ஆண்டுகளுக்குக் கொடுத்ததும் அப்படி ஒரு கடிதத்தால்தான். நாளடைவில் கடிதம் மறைந்து, அதன் பெயரடை மட்டும் உரிமையின் பெயராக நின்றுவிட்டது. நம் ஊரிலும் இந்தக் கடிதத்தின் தடம் உண்டு. சென்னை உயர் நீதிமன்றம் 1862 ஜூன் 26 தேதியிட்ட விக்டோரியா அரசியின் லெட்டர்ஸ் பேட்டன்டால் நிறுவப்பட்டது. தனி நீதிபதியின் தீர்ப்பை எதிர்த்து அதே நீதிமன்றத்தின் அமர்வுக்குச் செய்யும் மேல்முறையீட்டை வழக்கறிஞர்கள் இன்றும் லெட்டர்ஸ் பேட்டன்ட் மேல்முறையீடு என்றுதான் சொல்கிறார்கள்.

திறந்திருப்பதைக் குறித்த ஒரு சொல் தமிழுக்கு வந்தபோது 'காப்புரிமை' ஆயிற்று. அதில் குறை சொல்ல ஏதுமில்லை, ஏனென்றால் சட்டத்தில் அந்தச் சொல் செய்யும் வேலை காப்பதுதான். ஆனால் மருத்துவர்கள் கடிதத்தின் வழியாக அந்தச் சொல்லை எடுத்துக்கொள்ளவில்லை. அவர்கள் நேராக லத்தீன் வேரிலிருந்து, 'உள்வழி திறந்திருக்கிற' என்ற முதற்பொருளிலேயே எடுத்தார்கள். அமெரிக்கரின் பேச்சில் இந்த வேறுபாடு காதிலேயே தெரியும். உரிமையைக் குறிக்கும்போது முதலசையில் 'ஏ'க்கும் 'ஆ'வுக்கும் இடைப்பட்ட, தமிழில் இல்லாத ஓர் ஒலி வரும். மருத்துவப் பொருளில் 'பே' என்று நீளும். நம் எழுத்தில் இரண்டையும் 'பேட்டன்ட்' என்றே எழுதியாக வேண்டியிருப்பதால் அந்தத் துப்பும் நமக்குக் கிடைப்பதில்லை.

இரத்த ஓட்டத்தைப் பற்றிப் பேசும்போது இந்தப் பெயரடை ஒன்றே ஒன்றைத்தான் சொல்கிறது: இந்தக் குழாயின் உள்வழி அடைபடவில்லை, இதன் வழியே ஓட்டம் உண்டு அல்லது இருக்க முடியும். அது நல்லதா கெட்டதா என்று அது சொல்வதே இல்லை. அதை அடுத்து வரும் பெயர்ச்சொல்தான் சொல்ல வேண்டும். தமிழில் எழுதுகிறவனுக்குச் சிக்கல் தொடங்குவது இங்கேதான்.

தங்கையின் குழந்தையையே எடுத்துக்கொள்ளலாம். வயிற்றில் இருக்கும் குழந்தை மூச்சு விடுவதில்லை. அதன் நுரையீரல்களில் காற்றுக்குப் பதில் நீர் நிறைந்திருக்கும். ஆக்சிஜன் நஞ்சுக்கொடி வழியாகத் தாயிடமிருந்து வரும். ஆகவே இதயத்தின் வலப்பக்கத்திலிருந்து நுரையீரல் தமனிக்குள் புகும் இரத்தத்தில் பெரும்பகுதி நுரையீரலுக்குள் போகாமல், ஒரு குறுக்கு வழியாகப் பெருந்தமனிக்குத் திரும்பிவிடுகிறது. அந்தக் குறுக்கு வழிதான் டக்டஸ் ஆர்ட்டீரியோசஸ், தமனி நாளம். (இலங்கைப் பாடநூல்களில் தமனியை நாடி என்றும் சிரையை நாளம் என்றும் எழுதுவார்கள் என்பதால், யாழ்ப்பாணத்து வாசகர் 'தமனி நாளம்' என்பதைப் படித்தால் குழம்பக்கூடும். அவர்களுக்கு அனுப்பும் தாள்களில் 'இணைப்புக் குழாய்' என்று எழுதிவிடுகிறேன்.) நஞ்சுக்கொடியிலிருந்து வரும் புரோஸ்டாகிளாண்டின் என்ற வேதிப்பொருள் அந்தக் குழாயைச் சுருங்கவிடாமல் வைத்திருக்கும். குழந்தை பிறந்து முதல் மூச்சு இழுத்ததும் நுரையீரல் விரிகிறது, இரத்தத்தில் ஆக்சிஜன் கூடுகிறது, புரோஸ்டாகிளாண்டின் குறைகிறது, குழாயின் தசை இறுகத் தொடங்குகிறது. நிறைமாதக் குழந்தைகளில் பெரும்பாலும் இரண்டு மூன்று நாளுக்குள் ஓட்டம் நின்றுவிடும். அடுத்த சில வாரங்களில் அது வெறும் நாராகிவிடும். குறைமாதத்தில் பிறந்த குழந்தையின் குழாய்க்கு இந்த முதிர்ச்சி இருப்பதில்லை. அது திறந்தே கிடக்கிறது. இப்போது பெருந்தமனியில் அழுத்தம் அதிகம் என்பதால் ஓட்டம் எதிர்த்திசையில் திரும்பி, உடலுக்குப் போக வேண்டிய இரத்தத்தில் ஒரு பங்கு நுரையீரலுக்குள் கொட்டுகிறது. நுரையீரல் ஈரமாகி மூச்சுத் திணறும். குடலுக்கும் சிறுநீரகத்துக்கும் போகும் இரத்தம் குறையும். சற்று வளர்ந்த குழந்தையாக இருந்தால் இடது காரை எலும்புக்குக் கீழே ஸ்டெதஸ்கோப்பை வைத்ததும், துடிப்புகளுக்கு நடுவிலும் ஓயாமல் இயந்திரம் ஓடுவது போன்ற இரைச்சல் கேட்கும்.

ஆக, தங்கையின் கையில் இருந்த தாளில் 'பேட்டன்ட்' என்பது 'மூட வேண்டிய காலத்தில் மூடாத' என்று பொருள்பட்டது. சில மருத்துவர்கள் அதற்குப் பதிலாக 'தொடர்ந்து நீடிக்கிற' என்று பொருள்படும் 'பெர்சிஸ்டென்ட்' என்ற சொல்லைக் கையாள்கிறார்கள். என் கருத்தில் அதுவே நேர்மையான சொல், ஏனென்றால் பிறந்த முதல் நாளில் எல்லாக் குழந்தைக்கும் அந்தக் குழாய் திறந்துதான் இருக்கிறது. நோயாக ஆவது காலத்தைக் கடந்தும் நீடிப்பதுதான்.

நான் அன்றிரவு அவளிடம் சொன்னது இவ்வளவுதான்: "உரிமையும் இல்ல, ஒண்ணும் இல்லம்மா. பிறந்ததும் மூடிக்க வேண்டிய ஒரு சின்னக் குழாய் இன்னும் மூடல. அவ்வளவுதான் அந்தச் சொல்லுக்கு அர்த்தம்." சிறிது நேரம் எதுவும் பேசவில்லை. பிறகு, "மூடிக்குமா?" என்று கேட்டாள். அது சரியான கேள்வி. மருத்துவரிடம் மறுநாள் கேட்க வேண்டிய கேள்வியும் அதுதான். கேட்டார்கள். காத்திருக்கலாம், மருந்து கொடுக்கலாம், அதற்கும் மூடாவிட்டால் குழாய்வழியாகவோ அறுவையாலோ மூடலாம் என்று அவர் பொறுமையாக விளக்கினார். இண்டோமெத்தசின், ஐபுப்ரோஃபென் ஆகியவற்றோடு, நாம் காய்ச்சலுக்குப் போடும் பாராசிட்டமாலும் புரோஸ்டாகிளாண்டின் உருவாவதைக் குறைத்து அந்தக் குழாயை மூட உதவும் என்பது தங்கைக்கு வியப்பாக இருந்தது. அவள் குழந்தைக்குப் பாராசிட்டமால்தான் கொடுத்தார்கள். மருந்து முடிந்தபின் எடுத்த எக்கோவில் குழாய் மூடியிருந்தது.

இதே குழாய் திறந்தே இருக்க வேண்டும் என்று மருத்துவர்கள் பாடுபடும் குழந்தைகளும் உண்டு. நுரையீரலுக்குப் போகும் வழி பிறவியிலேயே அடைபட்டிருந்தால், நுரையீரலுக்கு இரத்தம் எட்டுவதற்கு இந்தக் குறுக்கு வழியைத் தவிர வேறு வழியில்லாமல் போகலாம். அது மூடினால் குழந்தை நீலம்பாரித்துவிடும். அங்கே புரோஸ்டாகிளாண்டினைச் சொட்டுச் சொட்டாக ஏற்றி, அறுவை சிகிச்சை வரைக்கும் குழாயைத் திறந்து வைக்கிறார்கள். அந்தக் குழந்தையின் அறிக்கையில் 'டக்டஸ் பேட்டன்ட்' என்று வந்தால் அது நல்ல செய்தி. மூடாத குழாயை முதன்முதலாக வெற்றிகரமாகக் கட்டி மூடியவர் ராபர்ட் கிராஸ். 1938 ஆகஸ்டில், பாஸ்டன் குழந்தைகள் மருத்துவமனையில், ஏழு வயதுச் சிறுமிக்கு. ஆறு ஆண்டுகள் கழித்து, 1944 நவம்பரில், பால்டிமோரின் ஜான்ஸ் ஹாப்கின்ஸ் மருத்துவமனையில் ஆல்ஃபிரட் பிளாலாக், கையிலிருந்து வரும் ஒரு தமனியை நுரையீரல் தமனியோடு இணைத்து, ஏறத்தாழ அதே போன்ற ஒரு குறுக்கு வழியைச் செயற்கையாக உண்டாக்கினார். நீலக் குழந்தைகளின் குழாய் மூடிக்கொள்ளும்போது அவர்கள் நிலை மோசமாவதைக் கவனித்து இந்த வழியை எண்ணியவர் ஹெலன் டாசிக் என்ற குழந்தைகள் இதய மருத்துவர். அதைச் செய்முறையில் வகுத்து, அறுவை நடந்தபோது பிளாலாக்கின் தோளுக்குப் பின்னால் நின்று வழிகாட்டியவர் விவியன் தாமஸ் என்ற கறுப்பினத் தொழில்நுட்பர். ஒருவர் மூடியதற்கும் மற்றவர்கள் திறந்ததற்கும் உள்ள இடைவெளி ஆறே ஆண்டுகள் என்பதை நினைக்கும்போதெல்லாம் எனக்கு மெய்சிலிர்க்கிறது.

இதயத்தின் மேலறைகளுக்கு இடையே கருவில் இருக்கும் நீள்வட்டத் துளைக்கும் இதே பெயரடை வருகிறது. பெரியவர்களில் நான்கில் ஒருவருக்கு ஏறக்குறைய அந்தத் துளை முழுதாக ஒட்டாமல் இருக்கும். பெரும்பாலோருக்கு அதனால் எந்தத் தொல்லையும் இல்லை. அங்கே 'மூடாத' என்று எழுதினாலே படிப்பவருக்கு அச்சம் வரும் என்பதால், பலருக்கும் இருப்பது என்ற ஒரு வரியைச் சேர்த்தே எழுதுகிறேன்.

மற்ற இடங்களில் பெரும்பாலும் இது நற்சொல்தான். பைபாஸில் ஒட்டிய குழாயும், வைத்த ஸ்டென்ட்டும், மருந்தேற்றக் கையில் குத்திய கேனுலா என்ற மெல்லிய குழாயும் பேட்டன்டாக இருக்க வேண்டும். செவிலியர் கேனுலாவில் சிறிது உப்புநீரைச் செலுத்திப் பார்ப்பது அதற்காகத்தான். எத்தனை ஆண்டு திறந்திருந்தது என்பதை 'பேட்டன்சி' என்ற பெயர்ச்சொல்லால் கணக்கிடுகிறார்கள்.

இந்த நற்பொருளை எனக்கு மறக்க முடியாதபடி உணர்த்தியவர் பெரியப்பா. அவருக்குச் சிறுநீரகம் செயலிழந்து, வாரம் மூன்று முறை டயாலிசிஸ் நடக்கிறது. அதற்காக இடது மணிக்கட்டில் ஒரு தமனியையும் ஒரு சிரையையும் சேர்த்துத் தைத்து ஃபிஸ்டுலா போட்டிருக்கிறார்கள். பிரெசியா, சிமினோ ஆகியோர் குழுவாக 1966இல் வெளியிட்ட முறை அது. தை மாதம் இரத்த ஓட்டத்தைக் காட்டும் டாப்ளர் ஸ்கேன் எடுத்த அறிக்கையில் 'ஃபிஸ்டுலா பேட்டன்ட்' என்று இருந்ததைப் படித்துவிட்டு அவர் இரண்டு நாள் சரியாகச் சாப்பிடவில்லை. தங்கை குழந்தைக்கு அந்தப் பெயரில்தான் நோய் வந்தது என்று வீட்டில் பேசியது அவர் காதில் விழுந்திருந்தது. பெரியம்மா சொல்லித்தான் எனக்குத் தெரிந்தது.

நேரில் போய் அவருடைய வலது கை விரல்களை எடுத்து இடது மணிக்கட்டின் மேல் வைத்தேன். தோலுக்கு அடியில் புடைத்திருந்த அந்தச் சிரையில், தீப்பெட்டிக்குள் பிடித்து வைத்த பொன்வண்டு போல, விடாத ஓர் அதிர்வு. "இதுதான் பெரியப்பா அந்தச் சொல். உள்ள ஓட்டம் நல்லா இருக்கு, அடைப்பில்லைன்னு அர்த்தம்" என்றேன். "அப்போ பாப்பாவுக்கு?" என்று கேட்டார். அங்கே மூடியிருக்க வேண்டியது திறந்திருந்தது, இங்கே திறந்திருக்க வேண்டியது திறந்திருக்கிறது என்றேன். யோசித்துவிட்டு, "ரெண்டுக்கும் ஒரே வார்த்தையை எதுக்குப் போடுறான்?" என்றார்.

அதன்பின் நான் அந்த ஒரு சொல்லுக்கு இரண்டு சொற்களை வைத்துக்கொண்டேன். மூடியிருக்க வேண்டியதற்கு 'மூடாத'. திறந்திருக்க வேண்டியதற்கு 'அடைப்பில்லாத'. இரண்டும் எதிர்மறைப் பெயரெச்சங்கள், இரண்டும் ஒரே ஆங்கிலச் சொல்லின் மொழிபெயர்ப்புகள், ஆனால் படிப்பவர் மனத்தில் முற்றிலும் வேறான செய்திகளைச் சேர்ப்பவை. 'திறந்த' என்ற ஒரே சொல்லால் இரண்டையும் எழுதச் சொல்லும் கலைச்சொல் பட்டியல்கள் உண்டு. சீர்மை கருதி அப்படிச் சொல்கிறார்கள் என்று புரிகிறது. என்றாலும், இரவு பதினொரு மணிக்கு அந்தத் தாளைத் தனியாகப் படிக்கப் போகிறவருக்கு நான் அப்படி எழுத மாட்டேன்.

பெரியப்பா இப்போது தினமும் எழுந்ததும் முதல் வேலையாக மணிக்கட்டைத் தொட்டுப் பார்க்கிறார். டயாலிசிஸ் செவிலியரும் அதைத்தான் வற்புறுத்துகிறார். அதிர்வு நின்றால் உடனே வரச் சொல்லியிருக்கிறார். நான் தொலைபேசியில் அழைத்தால் நலம் விசாரிக்கும் முன்பே அவர் சொல்லிவிடுகிறார்: "ஓடுதுப்பா."