உறைகோட்டுக்குக் கீழே

மே மாதத் தொடக்கத்தில், கனடாவின் மனிடோபா மாகாணத்தில், வின்னிபெக் நகரிலிருந்து வடக்கே ஏறக்குறைய 130 கிலோமீட்டர் தொலைவிலுள்ள நார்சிஸ் பாம்புக் குழிகளைப் பார்த்துவிட்டு வந்தேன். மூன்று மாதங்களுக்கு முன்பு மைனஸ் 35 டிகிரியில் கிடந்த நிலம் அது. தனக்கென உடற்சூடு இல்லாத ஓர் உயிர் அந்தக் குளிரை எப்படிக் கடக்கிறது என்ற கேள்வி நெடுநாளாக மனத்தில் இருந்தது.

அங்கே வாழ்பவை, முதுகில் மஞ்சள் கோடும் பக்கவாட்டில் சிவப்புத் திட்டுகளும் கொண்ட கார்ட்டர் பாம்புகள், மனிதருக்குத் தீங்கில்லாதவை. குளிரைத் தாங்கும் தனி வல்லமை எதுவும் இவற்றின் உடலில் பெரிதாக இல்லை. சில மணி நேரத்துக்கு மேல் உடல் உறைந்தால் இறந்துவிடும். இவற்றைக் காப்பாற்றுவது இடம்தான். அந்த வட்டாரத்தில் மேல்மண்ணுக்குச் சற்றுக் கீழேயே சுண்ணாம்புப் பாறை இருக்கிறது. நீர் அரித்து அரித்து அதில் வெடிப்புகளும் குகைகளும் உண்டாகியிருப்பதால், மண் உறையும் ஆழத்தையும் தாண்டிப் பாம்புகள் இறங்கிவிட முடிகிறது. அங்கே குளிர் உண்டு, ஆனால் உறைபனி இல்லை.

அந்தக் குளிரும் அவற்றுக்குத் தேவையே என்பதுதான் எனக்குப் பெரிய வியப்பாக இருந்தது. குழிக்குள் இரை கிடையாது. கோடையில் சேர்த்த கொழுப்பைக் கொண்டே ஏழெட்டு மாதங்களை ஓட்டியாக வேண்டும். உடல் குளிர்ந்து, இதயத் துடிப்பும் மூச்சும் மிகவும் தளர்ந்திருந்தால்தான் அந்தக் கையிருப்பு வசந்தம் வரை நீடிக்கும். குழி கொஞ்சம் வெதுவெதுப்பாக இருந்துவிட்டால் அது முன்னதாகவே கரைந்து போகும். மேலே படியும் பனியும் ஒரு போர்வை. பனி குறைந்த ஆண்டுகளில் உறைவு இன்னும் ஆழமாக இறங்கும்.

ஒன்றையொன்று சூடாக்கிக்கொள்ளவே பாம்புகள் கூடுகின்றன என்று எண்ணத் தோன்றும். சூட்டை உண்டாக்காத உடல்கள் எத்தனை சேர்ந்தாலும் குளிர் காய முடியாது. போதிய ஆழமுள்ள குழிகள் அரிது என்பதால்தான், கோடையில் 20 கிலோமீட்டர் வரை சென்று சதுப்புகளில் தவளை பிடித்துத் திரிந்தவை, செப்டம்பரில் அதே சில குழிகளுக்கு ஆயிரக்கணக்கில் திரும்புகின்றன. குழி கிடைக்காத இடங்களில் புற்றும் உதவுகிறது: 1930களில் மனிடோபாவில் ஓர் எறும்புப் புற்றைத் தோண்டியபோது 250க்கும் மேற்பட்ட சிறு பாம்புகள் உள்ளே இருந்தன. கரையான் புற்றெடுக்கக் கருநாகம் குடிபுகுந்த கதை அங்கேயும் உண்டு.

நான் பார்த்த குழியின் விளிம்பில், ஒரு பாறை வெடிப்பிலிருந்து தலை மட்டும் வெளியே நீட்டியிருந்தது ஒரு பாம்பு. நெற்றியில் ஈரமண் ஒட்டியிருந்தது. நாக்கை மிக மெதுவாக நீட்டி இழுத்தது. வெயில் பட்ட கல்லுக்கு வந்து சேர அதற்குப் பத்து நிமிடங்கள் ஆயின. கீழே, முன்னதாக வெளிவந்த ஆண் பாம்புகள், பெண் பாம்பு ஒன்று தலைகாட்டியதும் பந்துபோல் அதைச் சூழ்ந்துகொண்டன. காய்ந்த சருகுகள் உரசுவது போன்ற ஓசை குழி முழுவதும் கேட்டது.

குழியே உயிர் என்பதால், அதற்குப் போகும் வழி அடைபட்டாலும் ஆபத்துதான். 1999இல் குழிகளை எட்டும் முன்பே கடுங்குளிரால் பல்லாயிரக்கணக்கான பாம்புகள் மாண்டன. அதோடு, குழிகளுக்கும் சதுப்புகளுக்கும் நடுவே ஓடும் 17ஆம் எண் நெடுஞ்சாலையில் ஆண்டுக்குச் சுமார் 10,000 பாம்புகள் வாகனங்களில் நசுங்கிவந்தன. குளிரை நாம் தடுக்க முடியாது. சாலையை நாம்தான் போட்டோம். இப்போது ஓரத்தில் தாழ்வான வேலிகளும், சாலைக்கு அடியில் சுரங்கக் குழாய்களும் அமைத்திருக்கிறார்கள். திரும்பும் வழியில் வண்டியை நிறுத்திப் பார்த்தேன். வேலியைத் தொட்டபடியே ஊர்ந்து வந்த ஒரு மெலிந்த பாம்பு, குழாயின் வாயில் சற்று நின்று, பிறகு உள்ளே நுழைந்தது.